எடுக்காமல் விட்ட சிரிப்பு

"செத்தவர் லிஃப்டுல போகவே கூடாதுன்னு நான் சொல்லலை மேடம், காலையில ஸ்கூல் பஸ் வர்ற நேரத்துல மட்டும் போக வேண்டாம்னுதான் சொல்றேன். பிள்ளைங்க அவர்கிட்ட 'அங்கிள், செத்தா வலிக்குமா'ன்னு கேக்குதுங்க, அவரும் நின்னு நிதானமா பதில் சொல்றார், பஸ் போயிடுது" என்று ஸ்ரீ மங்களா ஃபிளாட்ஸின் செகரட்டரி சேஷகிரி மறுபடியும் முதலிலிருந்து ஆரம்பித்தபோது, வத்சலா கையிலிருந்த காய்கறிப் பையை லிஃப்ட் வாசலிலேயே இறக்கி வைத்தாள். பையை இறக்கி வைத்தாள் என்றால் சீக்கிரத்தில் நகரமாட்டாள் என்று சாலிகிராமத்தில் அந்தத் தெருவுக்கே தெரியும்.

"பஸ் போயிடுதுன்னா பிள்ளைங்களைச் சீக்கிரம் எழுப்பச் சொல்லுங்க சார். என் வீட்டுக்காரர் உயிரோட இருந்தப்ப இந்த லிஃப்ட் என்னிக்காவது ஒழுங்கா ஓடுச்சா? பாதி நாள் படி ஏறி ஏறி மூச்சு வாங்கினார். இப்பதான் மூச்சே இல்லாம நிம்மதியா போயிட்டு வர்றார், அதுவும் உங்களுக்குப் பொறுக்கலையா?"

"அதுக்கில்லை மேடம்..."

"வாக்கியத்தை முடிங்க."

வாக்கியத்தைப் பாதியில் விடுகிறவர்களைக் கண்டால் வத்சலாவுக்கு ஆகாது. கான்வென்ட்டில் சிஸ்டர்மார்கள் அவளுக்குச் சொல்லிக்கொடுத்ததில் இன்றுவரை மிச்சமிருப்பது அது ஒன்றுதான். இந்த இடத்தில், பின்னால் ஒதுங்கி நின்றிருந்த அவளுடைய கணவர், செத்துப்போனவர், "அவர் சொல்றதும் சரிதான் வத்சலா, நான் படியில போறேன்" என்று சொல்லிவிட்டு ஒரு சத்தமும் இல்லாமல் படியேறிப் போனார். வத்சலாவுக்கு அழுகை முட்டியதென்றால் அது சேஷகிரியால் அல்ல, இதனால்தான்.

அவர் பெயர் தணிகாசலம். பெயரைச் சொன்னால் யாருக்கும் தெரியாது, முகத்தைக் காட்டினால் "அட, இவரா!" என்பார்கள், சினிமா டைட்டிலில் 'பாடை' தணிகாசலம் என்று வரும். நாடகக் கம்பெனியில் வாயிற்காப்போனாக நின்று நின்று கால் வீங்கிப் போய் சினிமாவுக்கு வந்தவருக்கு முதல் படத்திலேயே படுத்துக்கொள்ளும் வேடம் கிடைத்தது; வாசலில் கிடத்தியிருக்கும் பிணம், சொந்தக்காரர்கள் சொத்துக்கு அடித்துக்கொள்ளும்போது தும்மிவிடும், அவ்வளவுதான். தியேட்டரில் எழுந்த சிரிப்பில் அடுத்து வந்த வசனம் ஒன்றும் காதில் விழவில்லை. அன்றிலிருந்து தமிழ்ப்படங்களில் சிரிக்கவைக்கிற பிணம் எங்கே தேவைப்பட்டாலும் அவரைத்தான் கூப்பிட்டார்கள்: தெருமுனை திரும்பும்போது பாடையிலிருந்து வழுக்கி விழுகிற பிணம், கைநாட்டு வாங்க வந்தால் விரலை மடக்கிக்கொள்கிற பிணம், கூலிங்கிளாஸ் மாட்டி ஆட்டோவில் உட்காரவைத்துக் கூட்டிப்போகிற பிணம், இந்தப் பக்கம் ஒரு மனைவியும் அந்தப் பக்கம் ஒரு மனைவியும் விழுந்து அழ, நடுவில் யாருக்கும் தெரியாமல் இடுப்பைச் சொறிந்துகொள்கிற பிணம். ஈ வந்து மூக்கில் உட்கார்ந்தால் யூனிட் மொத்தமும் மூச்சைப் பிடித்துக்கொள்ளும். அவர் மட்டும் ஏற்கெனவே பிடித்திருப்பார்.

பிறகு டிவி வந்தது. ஒரு மெகா சீரியலில் அவர் போட்டோவாக நடித்தார். சந்தன மாலை போட்டுக்கொண்டு வருஷக்கணக்கில் சுவரில் தொங்கினார். கதாநாயகி தினமும் அவர் முன்னால் வந்து நின்று "மாமா, நீங்க மட்டும் இருந்திருந்தா" என்று அழுவாள். ஒருநாள்கூட அவர் செட்டுக்குப் போகவில்லை. ஆனால் மார்க்கெட்டில் கத்தரிக்காய் பொறுக்கும்போது காய்காரம்மா அவர் கையைத் தட்டிவிட்டு, "அந்தப் பொண்ணு அங்க கண்ணைக் கசக்குது, நீ இங்க கத்தரிக்காயா பொறுக்குற?" என்று சண்டைக்கு வந்தாள். இத்தனை புகழ் இருந்தும் கல்யாணப் பத்திரிகை மட்டும் அந்த வீட்டுக்கு வராது. சுபகாரியத்துக்குப் பாடையை எப்படிக் கூப்பிடுவது என்று சொந்தக்காரர்கள் போனில் பேசிக்கொள்வார்கள், அதை வத்சலாவிடமே சொல்லவும் செய்வார்கள்.

வீட்டில் அவர் பிணமில்லை. அதைச் சொல்லாவிட்டால் இந்தக் கதையே விளங்காது. வீட்டுக்குள் நுழைந்தால் காபி ஆறிப்போச்சு என்பார், சுடவைத்துக் கொடுத்தால் நாக்கு வெந்துபோச்சு என்பார், துண்டை மடித்தது சரியில்லை என்பார், ஃபேன் வேகம் சரியில்லை, பேப்பரைப் பிரித்தவர்கள் அதே மாதிரி மடிக்கவில்லை, தொலைக்காட்சியில் செத்தவன் சரியாகச் சாகவில்லை. வத்சலா ஒன்றுக்கு நான்காகத் திருப்பிக் கொடுப்பாள். சண்டையே போடாத எத்தனையோ தம்பதிகள் அந்தத் தெருவில் பிரிந்து போனார்கள்; இவர்கள் இருவரும் ஆரம்பித்த சண்டையை முடிக்க நேரமில்லாமலே சேர்ந்து இருந்தார்கள். மகள் கல்யாணமாகி மஸ்கட் போனபிறகு அந்த வீட்டில் கேட்ட ஒரே சங்கீதம் அதுதான்.

சினிமாவில் ஒரு பழக்கம் உண்டு. பிணமாக நடித்தவன் ஷாட் முடிந்ததும் எழுந்து உட்கார்ந்து கேமராவைப் பார்த்து ஒருதரம் சிரிக்கவேண்டும். அதையும் அதே கேமராவில் பிடிக்கவேண்டும். படத்தில் அது வராது. ஆனால் எடுக்காமல் விடமாட்டார்கள், எடுக்காவிட்டால் சாவு அவனோடு வீட்டுக்குப் போய்விடும். பிலிம் அடி அடியாக ஓடிய அந்தக் காலத்தில், ஹீரோவுக்கே ரெண்டாவது டேக் தராத தயாரிப்பாளர்கூட இந்தச் சிரிப்புக்குக் கஞ்சத்தனம் பார்த்ததில்லை. எவ்வளவு எடுத்தாலும் காசு ஆகாத காலம் வந்தபிறகுதான் மறந்துபோனார்கள். வத்சலாவுக்கு ரத்தப் பரிசோதனை ரிப்போர்ட்டைத் தவிர வேறெதிலும் நம்பிக்கை கிடையாது, ஆனாலும் தணிகாசலம் ஷூட்டிங் முடிந்து வந்தால் செருப்பைக் கழற்றும் முன்பே, "சிரிப்பு எடுத்தாங்களா?" என்று கேட்டுவிட்டுத்தான் உள்ளே விடுவாள்.

அன்றைக்கும் கேட்டாள். பூந்தமல்லி தாண்டி ஒரு பழைய வீட்டு வாசலில் ஷூட்டிங். டைரக்டர் மிதுன், குறும்படம் எடுத்து வந்த பிள்ளை, அவனுக்கு இது முதல் படம். ஷாட் ஓகே என்று அவன் சொன்ன அதே நிமிஷம் வானம் பிளந்துகொண்டு கொட்டியது, எல்லாரும் கேமராவைப் போர்த்திக்கொண்டு ஓடினார்கள். தணிகாசலம் கயிற்றுக் கட்டிலில் மழையில் நனைந்தபடி, சிரிக்கக் கூப்பிடுவார்கள் என்று காத்திருந்தார். யாரும் கூப்பிடவில்லை. எழுந்து, நெற்றிக்காசைப் பிய்த்துப் போட்டுவிட்டு, புரொடக்‌ஷன் வேனில் ஏறி வீட்டுக்கு வந்தார்.

"சிரிப்பு எடுத்தாங்களா?"

"மழை."

"மழைன்னா?"

"மழைன்னா மழைதான். மறந்துட்டாங்க."

காபி கொண்டுவந்து கொடுத்தாள். ஒரு வாய் குடித்துவிட்டு, "நல்லா இருக்கு" என்றார்.

வத்சலா அப்போதே டம்ளரை அவர் கையிலிருந்து வாங்கி வைத்தாள். பிபி மெஷினை எடுத்துக் கட்டினாள். அதில் எண் வரவில்லை. பேட்டரியை மாற்றினாள். தன் கையில் கட்டிப் பார்த்தாள், எகிறியது. அவர் கையில் கட்டினாள், ஒன்றுமில்லை. தெருமுனை கிளினிக்குக்கு நடத்தியே கூட்டிக்கொண்டு போனாள். டாக்டர் நெஞ்சில், முதுகில், கழுத்தில் வைத்துப் பார்த்துவிட்டு, மரியாதையாகக் கண்ணாடியைக் கழற்றிக்கொண்டு, "சாரி மேடம், சார் போயிட்டார்" என்றார். தணிகாசலம் சட்டைப் பொத்தானைப் போட்டபடியே, "அப்ப சுகர் மாத்திரையை நிறுத்திடலாமா டாக்டர்?" என்று கேட்டார். டாக்டர் கண்ணாடியை மறுபடியும் மாட்டிக்கொண்டார். "எதுக்கும் ராத்திரி மாத்திரையை மட்டும் கன்டின்யூ பண்ணுங்க" என்றார்.

ஃபிளாட்ஸில் யாரும் ஆச்சரியப்படவில்லை, ஆச்சரியப்பட நேரமில்லை. தீட்டு யாருக்கு, எதுவரைக்கும் என்பதுதான் எல்லாருடைய கவலையும். கீழ்த்தளத்தில் பிள்ளையார் இருக்கிறார், கட்டடத்தில் பிணம் இருக்கும்வரை நடையைச் சாத்தவேண்டும், ஆடி வெள்ளியோ நெருங்கிக்கொண்டிருக்கிறது. குருக்கள் தாடையைத் தடவிக்கொண்டு யோசித்து, சார் ஷூட்டிங் போனால் நடை திறப்பது, சார் திரும்பி வந்தால் நடை சாத்துவது என்று முடிவு சொன்னார். அதன்பிறகு தினமும் விடியற்காலையில் வத்சலாவின் போன் அடிக்கும், "சார் கிளம்பிட்டாராம்மா?" என்று குருக்கள் கேட்பார். வேன் தெருமுனை திரும்பியதும் மணி அடிக்கும். தணிகாசலத்துக்கு வேலை இல்லாத நாட்களில் பிள்ளையார் பட்டினி கிடந்தார். அதனாலேயே ஃபிளாட்ஸில் எல்லாரும் அவருக்கு நிறைய வாய்ப்பு வரவேண்டுமென்று வேண்டிக்கொண்டார்கள்.

பூக்காரி செண்பகம் கூடையை இறக்காமல் வாசலில் நின்றாள். "உனக்கு இனிமே பூ அளக்கறதா வேணாமாக்கா?" என்றாள். உள்ளேயிருந்து தணிகாசலம், "ரெண்டு முழமா குடு" என்றார். "பொணமே சொல்லிடுச்சு, அப்புறம் எனக்கென்ன" என்று செண்பகம் தாராளமாக அளந்து கொடுத்துவிட்டுப் போனாள்.

தெருமுனையில் கண்ணீர் அஞ்சலி பேனர் கட்டினார்கள். ஹீரோ முகத்தைவிடப் பெரிய அளவில் அவர் முகம் சாலிகிராமத்தில் வந்தது அதுதான் முதல்முறை. கலைஞர்கள் கூடி இரங்கல் கூட்டம் போட்டார்கள். தணிகாசலம் முன்வரிசையில் உட்கார்ந்து, இத்தனை வருஷத்தில் ஒருதரம்கூடத் தன் பெயரைச் சரியாகச் சொல்லாத பெரிய மனிதர்களெல்லாம் மாபெரும் கலைஞன், ஈடு செய்யமுடியாத இழப்பு என்று மைக்கைப் பிடித்துக்கொண்டு பேசியதைக் கேட்டார். மௌன அஞ்சலிக்கு எல்லோரோடும் எழுந்து நின்றார். கடைசியில் நன்றியுரை சொல்லச் சொன்னார்கள், சொன்னார். திருத்தணியிலிருந்து அவருடைய அக்கா கனகவல்லி வந்து இறங்கி, "முறைன்னு ஒண்ணு இருக்கே வத்சலா" என்று கருமாதியும் செய்துவைத்தாள். தனக்கு வைத்த படையலைத் தணிகாசலமே எடுத்துச் சாப்பிட்டு "வடை நல்லா இருக்கு" என்றார். "பாத்தியா, ஆத்மா திருப்தி ஆயிடுச்சு" என்று கனகவல்லி கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"அண்ணி, உங்க தம்பி ஒரு வடையில திருப்திப்பட்டு என்னிக்காவது பாத்திருக்கீங்களா? உள்ள வேகலைம்பாரு, எண்ணெய் குடிச்சிருக்கும்பாரு. இது அவரில்லை."

"அவன் செத்துட்டான்ல, அதான் பக்குவம் வந்திருக்கு."

"எனக்குப் பக்குவம் வேண்டாம்."

படவாய்ப்புகள் கொஞ்ச நாள் குவிந்தன. ஒரிஜினல் பிணம் தானே வேன் ஏறி வருகிறது, மூச்சடக்கு என்று சொல்லத் தேவையில்லை, கொசு கடித்தாலும் டேக் வீணாவதில்லை. ஆனால் எடுத்ததைப் போட்டுப் பார்த்தால் யாருக்கும் சிரிப்பு வரவில்லை. தும்மவேண்டிய இடத்தில் தும்மினார், லைட்பாய்கள் கும்பிட்டுக்கொண்டார்கள். பாடையிலிருந்து வழுக்கி விழுந்தார். மேக்கப் பெண் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதாள். ஜனங்கள் இத்தனை காலமும் சிரித்தது பிணத்தைப் பார்த்து அல்ல, அதற்குள் அடங்கமாட்டேன் என்று அடம்பிடித்த மனுஷனைப் பார்த்துத்தான் என்பது அப்போதுதான் விளங்கியது. "சார், கொஞ்சம் உயிர் இருக்கிற மாதிரி செத்துப்போங்க சார்" என்று ஒரு டைரக்டர் கெஞ்சினார். "சரி" என்றார் தணிகாசலம். எல்லாவற்றுக்கும் சரி என்றார்.

வத்சலா ரசத்தில் மிளகு போடாமல் வைத்துப் பார்த்தாள். நல்லா இருக்கு. வெயில் கொளுத்தும் மத்தியானத்தில் ஃபேனை நிறுத்திப் பார்த்தாள். நல்லா இருக்கு. பேப்பரைக் கசக்கிச் சுருட்டி அவர் மடியில் போட்டாள். அவர் அதைச் சுருட்டியபடியே படித்தார். இத்தனை வருஷமாக ஓடிக்கொண்டிருந்த ஃபிரிட்ஜ் சட்டென்று நின்றுபோனால், அதுவரை அது சத்தம் போட்டதே அப்போதுதான் காதுக்குத் தெரியும். அந்த மாதிரி ஓர் அமைதி வீட்டுக்குள் வந்து உட்கார்ந்துகொண்டது. மிதுனின் அந்தப் படமோ அடுத்த வாரம் வெள்ளிக்கிழமை ரிலீஸ். படம் தியேட்டருக்குப் போய்விட்டால் அதன்பிறகு எடுக்கிற சிரிப்பு செல்லாது என்பது சினிமாக்காரர்கள் குடியிருக்கும் தெருவில் எல்லாருக்கும் தெரியும்.

வளசரவாக்கத்தில் மாடியேறிப் போய் மிதுனின் ஆபீஸில் உட்கார்ந்தாள். அவன் எழுந்து நின்று ஜூஸ் கொடுத்தான், மரியாதை தெரிந்த பிள்ளைதான்.

"ஆன்ட்டி, அந்த ஷாட் செம்மையா வந்திருக்கு. போட்டுக் காட்டவா?"

"வேண்டாம். சிரிப்பு எங்கே?"

"அது... பழைய சென்டிமென்ட் ஆன்ட்டி."

"செத்துப்போறதும் பழசுதான் தம்பி, நீங்க கண்டுபிடிச்சது இல்லை. அதை மட்டும் எடுத்தீங்கல்ல?"

மிதுன் தலையைச் சொறிந்தான்.

"உங்கமேல கேஸ் போடமாட்டேன், பேட்டி குடுக்கமாட்டேன். அதே கட்டில், அதே வேட்டி, அதே கேமரா. ஞாயித்துக்கிழமை சாப்பிட்டுட்டு வாங்க. வெயில் நல்லா இருக்கும்."

வந்தான். வண்டி வண்டியாக யூனிட்டையும் கூட்டிக்கொண்டு வந்தான், அவனுக்கும் உள்ளுக்குள் உறுத்தியிருக்கும்போல. சேஷகிரி கார் பார்க்கிங்கைக் காலி செய்து கொடுத்து, தானே நின்று ஸ்கூட்டர்களைத் தள்ளினார். ஃபிளாட்ஸில் இருந்த அத்தனை பேரும் நாற்காலி போட்டு உட்கார்ந்தார்கள், முன்னால் கனகவல்லி, ஓரமாகக் கூடையோடு செண்பகம். எல்லாருக்கும் ஒரே எதிர்பார்ப்பு, தணிகாசலத்தின் காமெடியை நேரில் பார்த்து எவ்வளவோ நாளாகிவிட்டது. கயிற்றுக் கட்டிலைப் போட்டார்கள். தணிகாசலம் வேட்டியைச் சரிசெய்துகொண்டு படுத்தார், நெற்றியில் காசை ஒட்டினார்கள். "முதல்ல சாவு சார், அப்படியே எழுந்து சிரிப்பு, கட் பண்ணாம ஒரே ஷாட்" என்றான் மிதுன். "சரி" என்றார்.

கேமரா ஓடியது. அவர் செத்தார்.

எத்தனையோ பேர் சினிமாவில் செத்திருக்கிறார்கள், அப்படி யாரும் செத்திருக்கமாட்டார்கள். பார்க்கிங்கில் ஒரு நாற்காலிகூடக் கிறீச்சிடவில்லை. யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். குருக்கள் எழுந்து நின்று துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டார். செண்பகம் கூடையிலிருந்து ஒரு பந்து மல்லிகையை எடுத்துக்கொண்டு கட்டிலை நோக்கி நடக்க ஆரம்பித்தாள், ஏன் நடக்கிறோம் என்று அவளுக்கே தெரிந்திருக்காது. கனகவல்லி "ஐயோ என் தம்பி" என்று மார்பில் ஓங்கி அடித்துக்கொண்டாள், அவ்வளவுதான், அணை உடைந்த மாதிரி ஃபிளாட்ஸ் முழுக்க அழத் தொடங்கியது. கருமாதி முடிந்தும் அழாமல் வைத்திருந்த அழுகையெல்லாம் அந்த ஞாயிற்றுக்கிழமை வெயிலில் இறங்கியது, சேஷகிரி தூணில் முகத்தை வைத்துக்கொண்டு குலுங்கினார். இன்னும் கொஞ்ச நேரம் போனால் இவர்கள் அவரைத் தூக்கிக்கொண்டே போய்விடுவார்கள் என்று வத்சலாவுக்குப் புரிந்தது.

"வாயை மூடுங்க எல்லாரும்! அண்ணி, உங்களைத்தான். செண்பகம், அந்தப் பூவைக் கூடையில போடு. தம்பி, இவரை எழுப்புங்க."

"சார், எழுந்து சிரிங்க சார்" என்றான் மிதுன், சட்டைக் கையால் கண்ணைத் துடைத்தபடி.

தணிகாசலம் எழுந்து உட்கார்ந்தார். "சரி" என்றார். உதடுகள் விலகின, பற்கள் தெரிந்தன. பார்த்தவர்கள் கண்ணை மூடிக்கொண்டார்கள்.

"அது சிரிப்பு இல்லை சார்."

"நீங்க சொல்றது சரிதான் தம்பி."

வத்சலா நேராக நடந்துபோய் அவர் முன்னால் நின்றாள். "சரிதான், சரிதான், சரிதான். இதுதான் தெரியுமா இப்ப? பொண்ணு பாக்க வந்த அன்னிக்கு எங்க வீட்டு பஜ்ஜியைத் தின்னுட்டு, எண்ணெய் காயலைன்னு எங்கப்பா முகத்துக்கு நேரா சொன்ன ஆளு நீங்க. கூட்டம் மொத்தமும் பதறிப்போச்சு. நான் உள்ள நின்னு சிரிச்சேன். இப்ப பச்சைத்தண்ணி மாதிரி ரசம் வெச்சாலும் நல்லா இருக்காம்! என்ன நல்லா இருக்கு? எதுதான் நல்லா இருக்கு இந்த வீட்ல? நான் எதுல குறை வெச்சேன்னு குறை சொல்லக்கூட மாட்டேங்கறீங்க? ஊரெல்லாம் புகழ்ந்தவுடனே பெரிய மனுஷன் ஆயிட்டீங்களா? வேட்டி கட்டியிருக்கற லட்சணத்தைப் பாரு, இப்படிக் கட்டினா எந்தப் பிணத்தை எவன் மதிப்பான்?"

"நீ சொல்றது சரிதான் வத்சலா."

அவள் நகரவில்லை. வெயில் அவள் முதுகில் அடித்தது, அவள் நிழல் அவர் முகத்தில் விழுந்தது. பின்னாலிருந்து மிதுன் தயங்கித் தயங்கி, "ஆன்ட்டி, ஃபிரேமுக்குள்ள வந்துட்டீங்க" என்றான். அதையும் அவள் கேட்கவில்லை. தணிகாசலம் முதலில் அவள் முகத்தைப் பார்த்தார், பிறகு தலையை லேசாகச் சாய்த்து அவள் இடுப்பைத் தாண்டி லென்ஸைத் தேடினார், அது தெரியவில்லை, இந்தப் பக்கம் சாய்ந்தார், இங்கேயும் தெரியவில்லை. அவர் புருவத்துக்கு நடுவில், காசு ஒட்டியிருந்த இடத்துக்குச் சற்றுக் கீழே, தோல் சுருங்கியது.

"கொஞ்சம் தள்ளேன்," என்றார். வத்சலாவுக்கு மட்டும் கேட்கிற குரல் அது. "கேமராவை மறைக்கிற."

சரியாகத்தான் கேட்டதா, இல்லை கேட்கவேண்டுமென்று நினைத்ததைக் கேட்டுக்கொண்டாளா? திரும்பிப் பார்த்தால் கலைந்துவிடும் என்று பயந்தாள். தள்ளினால் சரியென்று சொல்லிவிடுவாரோ என்றும் பயந்தாள். பின்னால் பேட்டரி தீரப்போகிறது என்று யாரோ முணுமுணுத்தார்கள்; கட் சொல்ல மிதுன் மூச்சை இழுக்கும் சத்தம் கேட்டது. அவள் கண்ணை அவரிடமிருந்து எடுக்காமல் ஒரு கையை மட்டும் பின்பக்கம் உயர்த்தினாள்.

"தம்பி, இப்ப நிறுத்திடாதீங்க," என்றாள். பிறகு பார்க்கிங் முழுவதற்கும் கேட்கும்படி குரலை உயர்த்தினாள்.

"யாரும் கட் சொல்லாதீங்க."